ஒரு டேனியத் திரைக்கதை ஆசிரியரும் ஆண்டவரின் பாடுகளும்

ஆண்டவருடைய பாடுகளின் வரலாற்றைத் திருச்சபை ஏறத்தாழ 2000 ஆண்டுகளாகச் சொல்லி வருகிறது. திருமறை வாசிப்பு, பிரசங்கம், ஞானப்பாட்டு, ஓவியம், நாடகம் ஆகிய பல வழிகளில் அது சொல்லப்பட்டிருக்கிறது. இருபதாம் நூற்றாண்டில் திரைப்படமும் இவ்வழிகளோடு சேர்ந்துகொண்டது. எவ்வழியில் சொன்னாலும், சொல்லுகிறவர் ஒரு கேள்விக்கு விடையளித்தே ஆகவேண்டும். இயேசுவைக் கொன்றவர் யார் என்பதே அக்கேள்வி. வெளிப்படையாக விடை கூறாதவரும், தாம் தெரிந்தெடுக்கும் சொற்களாலும் விட்டுவிடும் சொற்களாலும் ஒரு விடையைக் கேட்போர் உள்ளத்தில் விதைத்துவிடுகிறார்.

இக்கேள்வியைத் தம் எழுத்தில் நெடுங்காலம் சுமந்தவர்களுள் ஒருவர் டென்மார்க்கு நாட்டைச் சேர்ந்த கார்ல் தியோடர் டிரையர் (1889–1968). அவர் குருவானவர் அல்லர். இறையியல் கல்லூரியில் பயின்றவரும் அல்லர். திரைப்படக் கலையைப் பயில்வோர் அவரைப் பெரும் இயக்குநராக அறிவர். ஆனால் அவர் முதலில் எழுத்தாளர். தாம் இயக்கிய முழுநீளப் படங்களின் திரைக்கதைகளைத் தாமே எழுதினார், அல்லது பிறரோடு சேர்ந்து எழுதினார். அவருடைய எழுத்துப் பணி இயக்குநர் என்ற புகழின் நிழலில் மறைந்துகிடக்கிறது. அதிலும் அவர் மிகுதியாக உழைத்து எழுதிய திரைக்கதை ஒன்று படமாகவே இல்லை. அது இயேசுவின் வரலாறு. அவர் எழுத்துப் பணியின் வழியே நடந்து அத்திரைக்கதையை அடைந்து, பாடுகளை அறிவிக்கும் நமக்கு அது கூறுவது யாது என ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

1. பிறப்பும் வளர்ப்பும்

டிரையர் 1889 பிப்ரவரி 3 அன்று கோப்பன்ஹேகனில் பிறந்தார். அவரைப் பெற்றவர் யோசெபினா நீல்சன் என்னும் சுவீடன் நாட்டுப் பெண். பண்ணை வீடொன்றில் பணிபுரிந்த அவர் மணமாகாத நிலையில் கருவுற்று, ஊராருக்கு அஞ்சி, கடல் கடந்து வந்து குழந்தையைப் பெற்றார். குழந்தை பல வீடுகளில் மாறிமாறி வளர்ந்தபின், 1891இல் அச்சுக் கோப்பவரான கார்ல் தியோடர் டிரையர் என்பவரின் குடும்பத்தில் தத்தெடுக்கப்பட்டது. வளர்ப்புத் தந்தையின் பெயரே குழந்தைக்கும் இடப்பட்டது. அதே ஆண்டில் பெற்ற தாய் இறந்துபோனார். இரண்டாம் முறையாகக் கருவுற்றபோது, கருவைக் கலைக்கத் தீக்குச்சி மருந்தை உட்கொண்டதே அவர் சாவுக்குக் காரணம். வளர்ந்து ஆளான பின்னரே டிரையர் இச்செய்தியை அறிந்தார்.

டிரையரின் படங்களில் சமயக் கருப்பொருள் மிகுந்திருப்பதால், அவர் கண்டிப்பான லுத்தரன் பக்தியில் வளர்க்கப்பட்டார் என்று பலர் எழுதினர். அவருடைய வாழ்க்கையைப் பின்னர் ஆராய்ந்தோர் அவ்வளர்ப்பு வீடு அத்துணைப் பக்தியுடைய வீடன்று எனக் காட்டியுள்ளனர். நல்லொழுக்கத்தின் பெயரால் தீர்ப்பிடும் சமுதாயத்தின் முன் தனித்து நிற்கும் பெண் அவருடைய எழுத்தில் திரும்பத் திரும்பத் தோன்றுகிறாள். அவ்வுருவத்தின் பின்னால் அவர் அறியாத தாயின் நினைவு இருந்திருக்கலாம் என எண்ண இடமுண்டு.

2. எழுத்துப் பயிற்சி

இளமையில் தந்தி நிறுவனம் ஒன்றில் எழுத்தராகப் பணியாற்றிய டிரையர், அதை விட்டுப் பத்திரிகையாளரானார். 1912இல் அவருடைய கதை ஒன்று முதன்முதலாகப் படமாக்கப்பட்டது. 1913 முதல் அவர் நோர்டிஸ்க் திரைப்பட நிறுவனத்தில் பணியாற்றத் தொடங்கினார். 1906இல் ஓலே ஓல்சன் நிறுவிய அந்நிறுவனம், முதல் உலகப் போருக்கு முன் ஐரோப்பாவின் பெரிய படநிறுவனங்களுள் ஒன்றாகத் திகழ்ந்தது.

அங்கே அவருக்கு வாய்த்த வேலை எளியது. அக்காலப் படங்கள் பேசாப் படங்கள். காட்சிகளுக்கு இடையே திரையில் தோன்றும் எழுத்துகளை அமைப்பதும், வரும் கதைகளைப் படித்துத் தகுதி காண்பதும், நாவல்களைத் திரைக்கதையாகச் சுருக்குவதும் அவர் பணிகளாயின. திரையில் சில நொடிகளே நிற்கும் எழுத்தில் ஒரு சொல்லும் வீணாகக் கூடாது. இப்பயிற்சி அவர் வாழ்நாள் முழுவதும் பயன்பட்டது. அவர் பிறர் நூலை எடுத்தாளும்போது சேர்ப்பவராக அன்றிக் குறைப்பவராகவே விளங்கினார்.

இக்காலத்தில் அவர் எழுதியவற்றுள் ஒன்று குறிப்பிடத்தக்கது. 1905இல் சமாதானத்திற்கான நோபல் பரிசு பெற்ற பெர்த்தா வான் சுட்னர் அம்மையார் போரை எதிர்த்து எழுதிய ‘ஆயுதங்களைக் கீழே வையுங்கள்’ என்னும் நாவலை அவர் திரைக்கதையாக்கினார். ஹோல்கர்-மாட்சன் அதைப் படமாக்கினார். அம்மையார் 1914 ஜூன் மாதம் இறந்தார். சில வாரங்களில் உலகப் போர் மூண்டது. கருத்து நன்றாயினும் காலம் அதற்குச் செவிகொடாமற் போகலாம் என்பதை இளம் எழுத்தாளர் அன்றே கண்டார்.

3. பரிசேய வேடத்தில் சாத்தான்

டிரையர் 1919இல் முதற்படத்தை இயக்கி வெளியிட்டார். அடுத்து வந்தது ‘சாத்தானின் ஏட்டிலிருந்து சில பக்கங்கள்’ (1920). எட்கர் ஹோயர் என்னும் நாடக ஆசிரியர் எழுதிய திரைக்கதையை டிரையர் திருத்தியமைத்துப் படமாக்கினார். இதில் நான்கு பகுதிகள் உண்டு. இயேசுவின் காலம், ஸ்பெயின் நாட்டின் சமய விசாரணைக் காலம், பிரெஞ்சுப் புரட்சி, 1918ஆம் ஆண்டு பின்லாந்தின் உள்நாட்டுப் போர் ஆகிய நான்கிலும் சாத்தான் மனித வேடம் பூண்டு வந்து மனிதரைத் துரோகத்திற்குத் தூண்டுகிறான்.

முதற் பகுதியில் அவன் பூணும் வேடம் நோக்கத்தக்கது. யூதாசை அணுகிக் காட்டிக்கொடுக்கத் தூண்டும் சாத்தான் அங்கே ஒரு பரிசேயனாக வருகிறான். அக்காலப் பார்வையாளருக்கு இது வியப்பளித்திராது. பரிசேயன் என்றால் வஞ்சகன் என்பது ஐரோப்பியக் கிறிஸ்தவப் பேச்சு வழக்கில் ஊறிப்போயிருந்தது. ஞாயிறு பாடசாலைப் படங்களும் பாடுகளின் நாடகங்களும் நூற்றாண்டுகளாக அதையே கற்பித்தன. இளம் டிரையரும் அம்மரபையே பின்பற்றினார்.

ஆயினும் இரண்டே ஆண்டுகளில் அவர் வேறொரு கதையை எடுத்துக்கொண்டார். டேனிய எழுத்தாளர் ஓகே மாடலுங் 1912இல் வெளியிட்ட ‘ஒருவரையொருவர் நேசியுங்கள்’ என்னும் நாவலைத் திரைக்கதையாக்கி, பெர்லினில் படமாக்கி, 1922இல் வெளியிட்டார். 1905ஆம் ஆண்டுப் புரட்சிக் காலத்தில் ருஷ்யாவில் யூதருக்கு எதிராக நடந்த கொலைவெறிக் கலவரமே இதன் பொருள். யூதர்மீது வதந்தி பரப்பி ஊராரைத் தூண்டுபவன் துறவி வேடத்தில் வருகிறான். 1920இல் சாத்தானுக்குப் பரிசேய வேடம் தரப்பட்டது. 1922இல் கொலைக்குத் தூண்டுபவனுக்குக் கிறிஸ்தவத் துறவி வேடம் தரப்பட்டது. ருஷ்யாவிலிருந்து ஓடிவந்து பெர்லினில் தங்கியிருந்த அகதிகள் பலர் இப்படத்தில் நடித்தனர். அவர்களுடைய முகங்களோடு பழகியது எழுத்தாளரின் பார்வையைக் கூர்மையாக்கியிருக்க வேண்டும்.

4. நீதிமன்றப் பதிவேடு

1928இல் வெளிவந்த ‘ஜோன் ஆர்க்கின் பாடுகள்’ டிரையரின் பெயரை உலகறியச் செய்தது. பிரெஞ்சு நாட்டுக் கன்னி ஜோன் 1431 மே 30 அன்று ரூவான் நகரில் எரிக்கப்பட்டாள். 1456இல் அத்தீர்ப்பு செல்லாதென அறிவிக்கப்பட்டது. 1920இல் உரோமைத் திருச்சபை அவளைப் புனிதையாக உயர்த்தியது. அவளைப் பற்றி ஜோசப் டெல்டெய் எழுதிய நூலின் உரிமையைப் படநிறுவனம் வாங்கியிருந்தது. டிரையரோ அறிஞர் பியர் ஷாம்பியோன் 1921இல் பதிப்பித்த விசாரணைப் பதிவேட்டையே தம் அடித்தளமாகக் கொண்டார். பல வாரங்கள் நடந்த பல அமர்வுகளை ஒரே நாளின் நிகழ்ச்சியாகச் சுருக்கினார். போர்க்களங்களையும் முடிசூட்டு விழாவையும் விட்டுவிட்டார். கேள்வியும் மறுமொழியும் மட்டும் எஞ்சின.

விசாரிப்போர் அனைவரும் திருச்சபையார். ஆயர், துறவியர், இறையியல் வல்லுநர். அவருள் சிலர் ஏளனம் செய்கின்றனர், சிலர் இரங்குகின்றனர், பெரும்பாலோர் கடமையைச் செய்வதாகவே எண்ணுகின்றனர். அவர்களுக்குப் பின்னே நாட்டை ஆக்கிரமித்திருந்த ஆங்கிலேயரின் படை நிற்கிறது. தண்டனையின் பயன் அப்படைக்குரியது. தீர்ப்பின் மொழியோ திருச்சபைக்குரியது. அயல்நாட்டு அதிகாரமும் உள்நாட்டுச் சமயத் தலைமையும் ஒரு தனி ஆளின் சாவில் கைகோக்கும் இவ்வமைப்பு, பின்னர் அவர் எழுதவிருந்த இயேசுவின் திரைக்கதைக்கு முன்னோடி எனலாம்.

5. ஆக்கிரமிப்புக் காலம்

1932க்குப்பின் டிரையருக்குப் பத்தாண்டுகள் முழுநீளப் படம் எதுவும் அமையவில்லை. அவர் மீண்டும் பத்திரிகையாளரானார். 1940 ஏப்ரல் 9 அன்று ஜெர்மானியப் படை டென்மார்க்கினுள் புகுந்தது. அரசரும் அமைச்சரவையும் பதவியில் நீடித்தனர். ஆக்கிரமித்தவரோடு ஒத்துப்போவதன் மூலம் மக்களைக் காக்கலாம் என அரசு கருதியது. இந்நிலை 1943 ஆகஸ்டு 29 வரை நீடித்து முறிந்தது.

அவ்வாண்டு அக்டோபர் முதல் நாள் இரவில் யூதரைப் பிடிக்கும் வேட்டை தொடங்கிற்று. முன்னரே செய்தி கசிந்திருந்தமையால் யூதர்கள் வீடுகளிலும், மருத்துவமனைகளிலும், ஆலயங்களிலும் ஒளித்துவைக்கப்பட்டனர். 7000க்கு மேற்பட்டோர் மீன்பிடி படகுகளில் சுவீடன் சேர்ந்தனர். ஏறத்தாழ 470 பேர் பிடிபட்டுத் தெரேசியன்ஸ்டாட் முகாமுக்கு அனுப்பப்பட்டனர். அக்டோபர் 3, ஞாயிறன்று கோப்பன்ஹேகன் பேராயர் பூக்ல்சாங்-டாம்கோர் விடுத்த சுற்றறிக்கை நாடெங்கும் பிரசங்க பீடங்களிலிருந்து வாசிக்கப்பட்டது. இஸ்ரவேலுக்கு அளிக்கப்பட்ட வாக்குத்தத்தத்தின்படி கன்னி மரியாளிடம் பெத்லகேமில் பிறந்தவர் இயேசு என்பதைத் திருச்சபை மறக்க இயலாது. ஆதலால் யூதரைத் துன்புறுத்துவதை எதிர்ப்பது அதன் கடமை என்பதே அவ்வறிக்கையின் சாரம்.

இதற்குச் சில வாரங்கள் கழித்து, 1943 நவம்பர் 13 அன்று டிரையரின் ‘கோபாக்கினை நாள்’ திரையிடப்பட்டது. நார்வே நாட்டு ஆசிரியர் வியர்ஸ்-யென்சன் எழுதிய நாடகத்தைத் தழுவி, மோகன்ஸ் ஸ்கோட்-ஹான்சன், பவுல் நுட்சன் ஆகியோருடன் சேர்ந்து டிரையர் இத்திரைக்கதையை எழுதினார். கதை நிகழும் ஆண்டு 1623. சூனியக்காரி எனக் குற்றஞ்சாட்டப்பட்ட கிழவி ஒருத்தி எரிக்கப்படுகிறாள். விசாரணையில் பங்குபெறும் குருவானவர் அப்சலோன் கொடியவர் அல்லர். மன்றாடுகிறவர், மனச்சாட்சி உறுத்தப்பெறுகிறவர். ஆயினும் தாம் மணக்க விரும்பிய பெண்ணின் தாயைக் காத்த அதே குருவானவர், இக்கிழவியைக் காக்க மறுக்கிறார். அஞ்சி நடுங்கும் மூதாட்டியைச் சுற்றி ஒழுங்கும் பக்தியும் பாட்டும் நிலவ, அவள் தீயிலிடப்படுகிறாள். ஆள்காட்டிகளும் விசாரணைகளும் நிறைந்த தங்கள் நாள்களை மக்கள் அப்படத்தில் கண்டனர். அவ்வாண்டு முடிவதற்குள் டிரையர் சுவீடன் சென்றார். 1944 ஜனவரி 4 அன்று, ஆக்கிரமிப்பை எதிர்த்துப் பிரசங்கித்த வெடர்சோ ஊர்க் குருவானவரும் நாடக ஆசிரியருமான காய் முங்க் ஜெர்மானியர் கையில் கொலையுண்டார்.

6. இயேசுவின் திரைக்கதை

ஆக்கிரமிப்பின் தொடக்கத்திலேயே தமக்குள் ஓர் எண்ணம் தோன்றிற்றென டிரையர் பின்னர் எழுதினார். உரோமரின் கீழ் யூதேயா இருந்த நிலையும் ஜெர்மானியரின் கீழ் டென்மார்க்கு இருக்கும் நிலையும் ஒத்தவை அல்லவா என்பதே அது. அந்நியப் படை காவல் நிற்கிறது. உள்நாட்டுத் தலைவர்கள் படையின் சினத்துக்கும் மக்களின் குமுறலுக்கும் இடையே அகப்பட்டுத் தவிக்கின்றனர். சிலர் ஒத்துப்போகின்றனர், சிலர் மறைவில் எதிர்க்கின்றனர், பெரும்பான்மையோர் காத்திருக்கின்றனர். இச்சூழலில் இறைவனின் அரசைப் பற்றிப் பேசும் ஒருவர் எழுந்து, மக்கள் திரளாக அவர்பின் சென்றால் என்ன நேரும்?

போருக்குப்பின் பிளெவின்ஸ் டேவிஸ் என்னும் அமெரிக்க நாடகத் தயாரிப்பாளர் இப்பணியில் ஆர்வங்காட்டினார். மிசூரி மாநிலத்தின் இண்டிபெண்டன்ஸ் நகரில் அவருடைய விருந்தினராகத் தங்கி, 1949–50இல் டிரையர் திரைக்கதையை எழுதி முடித்தார். பிலடெல்பியாவில் பணியாற்றிய யூத அறிஞர் சாலமன் சைட்லின் 1942இல் வெளியிட்ட ‘இயேசுவைச் சிலுவையில் அறைந்தவர் யார்?’ என்னும் நூல் அவருக்குப் பெருந்துணையாயிற்று. சமயக் காரியங்களை விசாரிக்கும் சங்கம் வேறு, உரோமருக்குப் பொறுப்பான அரசியல் சங்கம் வேறு என்று சைட்லின் வாதிட்டார். பிரதான ஆசாரியன் கூட்டியது பின்னதே என்பது அவர் கருத்து. டிரையரும் இதே தலைப்பில் ஒரு கட்டுரை எழுதித் தம் நிலையை விளக்கினார்.

இத்திரைக்கதையின் சிறப்பியல்புகள் மூன்று. முதலாவது, இயேசு முற்றிலும் யூதராகவே வருகிறார். யூத வேடங்களில் யூத நடிகரே நடிக்கவேண்டும், படம் இஸ்ரவேல் நாட்டிலேயே எடுக்கப்படவேண்டும் என்று டிரையர் விரும்பினார். தாமே எபிரேய மொழியைக் கற்கவும் முனைந்தார். வெளிர்நிறத் தலைமுடியோடு மேலைநாட்டு ஓவியங்களில் தோன்றும் உருவம் அவருக்கு வேண்டியதாயில்லை.

இரண்டாவது, பரிசேயர் மதிப்புடன் காட்டப்படுகின்றனர். இயேசுவும் அவர்களும் நிகழ்த்தும் வாதங்கள் ஒரே வேதத்தை நேசிக்கும் ஆசிரியர்களுக்குள் நிகழும் வாதங்கள். 1920இல் சாத்தான் பூண்ட அங்கியை 1950இல் மதிப்பிற்குரிய ஆசிரியர் அணிந்திருக்கிறார். தம் பழைய படத்தை மறுத்து டிரையர் அறிக்கை விடவில்லை. மாறாகக் கதையையே புதிதாக எழுதினார். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட 30 ஆண்டுகளில் பெர்லின் அகதிகளின் முகங்களும் 1943ஆம் ஆண்டின் இரவுப் படகுகளும் இருந்தன என்பதை நாம் மறத்தலாகாது.

மூன்றாவது, தீர்ப்பின் பொறுப்பு உரோம அதிகாரத்தின்மேல் வைக்கப்படுகிறது. யோவான் 11:47–53இல் காணும் காய்பாவின் அச்சத்தை டிரையர் உண்மையான அச்சமாகவே கொள்கிறார். ஒரு கலகம் எழுந்தால் உரோமர் நாட்டையே அழிப்பர் என்று அவன் நடுங்குகிறான். பிரதான ஆசாரியனின் வீட்டில் நடப்பது சமயத் தீர்ப்பு அன்று, ஆளுநரிடம் ஒப்புவிப்பதற்கு முந்திய விசாரணையே. இறுதிக் குற்றச்சாட்டு அரசியல் சார்ந்தது; தண்டனை உரோமருடையது; நிறைவேற்றியவர் உரோமப் போர்வீரர். சிலுவை மரணத்தோடு திரைக்கதை முடிகிறது. உயிர்த்தெழுதல் காட்சியாக இடம்பெறவில்லை. அவருடைய ஆவி அழியவில்லை என்னும் பொருள்பட உரையாளரின் குரல் மட்டும் ஒலிக்கிறது.

டேவிஸ் பணம் திரட்ட இயலவில்லை. ஆண்டுகள் கடந்தன. டிரையர் காத்திருந்தார். அவர் வாழ்வின் இறுதியில் டேனிய அரசு 30 இலட்சம் குரோனர் உதவி அளிக்க முன்வந்தது; இத்தாலிய நாட்டு ஒலிபரப்பு நிறுவனமும் ஆர்வங்காட்டியது. ஆனால் 1968 மார்ச் 20 அன்று, 79ஆம் வயதில் டிரையர் காலமானார். அத்திரைக்கதை நூல் வடிவில் மட்டும் வெளிவந்தது. ஆங்கிலப் பதிப்பு 1972இல் வந்தது.

7. ‘வார்த்தை’ தரும் ஒளி

உயிர்த்தெழுதலை விட்டுவிட்டமையால் டிரையர் அற்புதத்தை ஏற்காதவர் என முடிவுசெய்வது தவறு. காத்திருந்த ஆண்டுகளில்தான் அவர் காய் முங்கின் ‘வார்த்தை’ என்னும் நாடகத்தைத் திரைக்கதையாக்கினார். 1955 ஜனவரியில் வெளிவந்த அப்படம் அவ்வாண்டு வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கப் பரிசைப் பெற்றது. 1925இல் எழுதப்பட்டு 1932இல் மேடையேறிய அந்நாடகம், மேற்கு யுட்லாந்தின் கிராமத்தில் குருண்ட்விக் வழிவந்த மகிழ்ச்சியான பக்தியும் ‘உள்நாட்டு மிஷன்’ இயக்கத்தின் கண்டிப்பான பக்தியும் மோதுவதைக் காட்டுகிறது. பண்ணை வீட்டின் மருமகள் இங்கர் பேறுகாலத்தில் இறக்கிறாள். தன்னைக் கிறிஸ்து என்று எண்ணி மனம் பேதலித்திருந்த யோகன்னஸ், தெளிவு பெற்று, ஒரு சிறுமியின் விசுவாசத்தைத் துணைக்கொண்டு, இயேசுவின் பெயரால் அவளை எழுப்புகிறான்.

இங்கும் டிரையர் குறைப்பவராகவே பணியாற்றினார். நாடகத்தின் உரையாடல்களில் பெரும்பகுதியை நீக்கினார். இறுதிக் காட்சியில் எவரும் விளக்கம் கூறுவதில்லை. இரு பக்திக் கூட்டத்தாரும் சவப்பெட்டியின் அருகில் ஒப்புரவாகின்றனர். அதன்பின் சாவு தோற்கிறது. சாவிலிருந்து எழுதலைத் திரையில் காட்ட அஞ்சாத எழுத்தாளர், இயேசுவின் திரைக்கதையை மட்டும் சிலுவையோடு நிறுத்தினார் என்றால், அதன் நோக்கம் வேறு என்பது தெளிவு. அங்கே அவர் ஆராய எடுத்துக்கொண்டது ஒரு வழக்கு. அவ்வழக்கில் 19 நூற்றாண்டுகளாகக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தப்பட்டிருந்த ஒரு மக்களினம்.

8. மதிப்பீடு

இத்திரைக்கதையை இறையியல் மாணவர் எவ்வாறு மதிப்பிடுவது?

அதன் வலிமையை முதலில் கூறவேண்டும். நமது விசுவாசப் பிரமாணம் ஆண்டவரின் பாடுகளைக் கூறுமிடத்தில் ஒரே ஓர் ஆளுநரின் பெயரைத்தான் சொல்லுகிறது. அவன் பொந்தியு பிலாத்து. யூதரை அது குறிப்பிடவில்லை. உரோம வரலாற்றாசிரியர் தாசித்துவும் பிலாத்துவின் பெயரையே தருகிறார். இருந்தும் திருச்சபை, மத்தேயு 27:25ஐ ஓர் இனம் முழுவதன்மேலும் என்றென்றும் தங்கும் சாபமாக வாசித்தது. இடைக்காலத்தில் பெரிய வெள்ளி நாள்கள் யூதருக்கு அச்சம் நிறைந்த நாள்களாயின. 1543இல் லுத்தர் யூதருக்கு எதிராக எழுதிய நூலை நாஜிகள் மகிழ்ச்சியுடன் எடுத்தாண்டனர். ஓபராமெர்காவ் ஊரில் 1634 முதல் நடிக்கப்படும் பாடுகளின் நாடகத்தை, அதன் 300ஆம் ஆண்டு நிறைவான 1934இல் ஹிட்லர் நேரில் கண்டு பாராட்டினான். பாடுகளைச் சொல்லும் முறை உயிர்களைப் பாதிக்கும் என்பதற்கு இவை போதிய சான்று.

1947இல் சீலிஸ்பெர்க் மாநாடு இதைக் குறித்து எச்சரித்தது. 1961இல் புதுதில்லியில் கூடிய உலகத் திருச்சபை மாமன்றமும், 1965இல் இரண்டாம் வத்திக்கான் சங்கமும், சிலுவை மரணத்தின் பழியை இன்றைய யூதமக்கள்மேல் சுமத்தலாகாதென அறிவித்தன. 1984இல் புடாபெஸ்டில் கூடிய உலக லுத்தரன் பேரவையில் லுத்தரின் அக்கொடுஞ்சொற்கள் மறுக்கப்பட்டன. டிரையர் 1950இலேயே ஒரு தனி எழுத்தாளராக இப்பாதையில் நடந்தார் என்பது பாராட்டுக்குரியது.

குறைகளும் உண்டு. டென்மார்க்கையும் யூதேயாவையும் இணைத்துப் பார்த்த பார்வை பயனுள்ளதே. ஆயினும் அது வரலாற்றை ஓரளவு தன் வடிவுக்கு வளைத்துக்கொள்கிறது. இரு சங்கங்கள் இருந்தன என்னும் சைட்லினின் கருத்தை அறிஞர் பலர் ஏற்பதில்லை. தேவாலயத்தில் இயேசு செய்த செயல் ஆசாரியத் தலைமையை நேரடியாகத் தாக்கிற்று என்பதை நற்செய்தி நூல்கள் மறைக்கவில்லை. அப்போஸ்தலர் 4:27 ஏரோதையும் பிலாத்துவையும் புறஜாதியாரையும் இஸ்ரவேல் மக்களையும் ஒருங்கே நிறுத்துகிறது. ஒருவர்மேல் இருந்த பழியை எடுத்து மற்றொருவர்மேல் வைப்பதால் பழிசுமத்தும் பழக்கம் ஒழிந்துவிடாது. உரோமர் செய்தனர் என்று கூறும்போதும் நாம் பார்வையாளராகவே நின்றுவிடலாம்.

இவ்விடத்தில் டிரையரின் மற்றத் திரைக்கதைகளே அவருடைய இயேசுவின் திரைக்கதைக்கு விளக்கம் தருகின்றன. ஜோனை எரித்தவர் பிறர் அல்லர்; திருச்சபையின் ஆயர். கிழவியை எரித்தவர் புறமதத்தார் அல்லர்; மன்றாடும் லுத்தரன் குருவானவர். ருஷ்யாவில் கொலைக்குத் தூண்டியவன் துறவியின் அங்கியில் வந்தான். நல்ல மனிதர், அச்சத்தினால், ஒழுங்கைக் காக்கும் எண்ணத்தினால், கடவுளின் பெயரைச் சொல்லிக்கொண்டே ஒருவரைச் சாவுக்கு ஒப்புவிக்கிறார்கள் என்பதே அவர் எழுத்து முழுவதும் ஓடும் செய்தி. இதைப் படித்தபின் காய்பா ஒரு யூதனாக மட்டும் நமக்குத் தோன்றமாட்டான். பொறுப்பில் இருக்கும் ஒவ்வொரு சமயத் தலைவனும் அவனில் தன் முகத்தைக் காணக்கூடும்.

9. முடிவுரை

நமது ஞானப்பாட்டு மரபு இதை அறியும். 1630இல் யோகன் ஹேர்மன் இயற்றிய பாடற்பாட்டு, இக்குற்றத்தைச் செய்தவர் யார் என்று கேட்டு, பாடுகிறவன் தன்னையே காட்டிக்கொள்ளும்படி செய்கிறது. பாக் தம் பாடுகளின் இசைநூல்களில் அதைச் சேர்த்துக்கொண்டார். பாட்டில் அறிக்கையிடுகிற நாம் பிரசங்கத்தில் பிறரைக் குற்றஞ்சாட்டுவது பொருந்தாது.

ஆகவே பாடுகளின் வாரத்திற்கு ஆயத்தம் செய்யும் போதகர் டிரையரிடம் இரண்டைக் கற்கலாம். ஒன்று, ‘யூதர்’ என்னும் சொல்லை யோவான் நற்செய்தியிலிருந்து வாசிக்கும்போது, அது குறிப்பது எவரை, எந்த நிலையில் என்பதைச் சபையாருக்கு விளக்குதல். பரிசேயர் என்னும் பெயரை வசைச் சொல்லாக ஆளாதிருத்தலும் இதனுள் அடங்கும். மற்றொன்று, காய்பாவின் அச்சத்தையும் பிலாத்துவின் கணக்கையும் நம் சபைக் கூட்டங்களிலும் நிர்வாகக் குழுக்களிலும் தேடிக் காணுதல். அமைதியைக் காப்பதற்காக ஒருவரைத் தனியே விட்டுவிடும் தீர்மானங்கள் அங்கும் நிறைவேறுவதுண்டு.

சிலுவையோடு டிரையர் நிறுத்திய கதையைத் திருச்சபை அங்கே நிறுத்துவதில்லை. ஆனால் உயிர்த்தெழுந்த நாளின் மகிழ்ச்சியை நேர்மையோடு அறிவிக்க வேண்டுமாயின், பெரிய வெள்ளியின் வழக்கை முதலில் நேர்மையோடு சொல்லவேண்டும். அதற்கென ஓர் எழுத்தாளர் தம் வாழ்நாளின் பிற்பகுதியைக் கொடுத்தார். அவருடைய திரைக்கதை திரையை அடையவில்லை. அது எழுப்பும் கேள்வி நம் பிரசங்க பீடங்களை அடைதல் நன்று.